ஆயர் கெமுனிங்கின் பத்து இறுதியாட்டங்கள்

தொண்ணூற்றைந்தாம் ஆண்டு, ஆகஸ்ட் பள்ளி விடுமுறை. சனிக்கிழமை காலை ஆறரை மணிக்கு ஈப்போவில் மலாக்கா பஸ் ஏறினேன். டிக்கெட் பதினான்கு வெள்ளி. என்னோடு ஒரே தமிழ்ப் பள்ளியில் வேலை பார்க்கும் சரோஜா ஒரு மாதமாக என்னை நச்சரித்ததன் பலன் இந்தப் பயணம். அவள் பிறந்தது மலாக்காவிலுள்ள ஆயர் கெமுனிங் தோட்டத்தில். அந்தத் தோட்டத்துப் பந்துக் குழு நான்கு வருடம் கழித்துச் சுழற்கிண்ண இறுதியாட்டத்துக்கு வந்திருக்கிறது. அவளுக்கோ ஏழாம் மாதம், டாக்டர் பயணம் கூடாது என்று சொல்லிவிட்டார். நீயாவது போய்ப் பார்த்துவிட்டு வந்து ஒன்று விடாமல் சொல் என்று என் கையில் முகவரியைத் திணித்தாள்.

பந்து விளையாட்டைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம், இருபத்திரண்டு பேர் ஓடுவார்கள், ஒருவர் விசில் ஊதுவார் என்பதுதான். பிறகு ஏன் போனேன் என்றால், சரோஜா சொன்ன ஒரே ஒரு பதிலுக்காக. உங்கள் குழு இதுவரை எத்தனை இறுதியாட்டம் ஆடியிருக்கிறது என்று கேட்டேன். ஒன்பது என்றாள். எத்தனையில் ஜெயித்தது என்று கேட்டேன். "அது நீ யாரக் கேக்குறேங்கறதப் பொறுத்தது" என்றாள். நான் இருபது வருடமாகக் கணக்கு சொல்லிக்கொடுப்பவள். ஆளைப் பொறுத்து மாறும் விடையை என் வகுப்பில் யாராவது எழுதியிருந்தால் வெளியே நிறுத்தியிருப்பேன்.

புதிய நெடுஞ்சாலையில் பஸ் பறந்தது. பன்னிரண்டே முக்காலுக்கு மலாக்கா ஆற்றங்கரையை ஒட்டிய பஸ் நிலையத்தில் இறங்கியபோது வெயில் தலையில் அடித்தது. மலாக்கா என்றால் சிவப்புக் கட்டடம், குன்று, பழைய கோட்டை வாசல் என்றுதான் பாடப்புத்தகத்தில் படித்திருக்கிறேன். அவற்றின் பக்கம் தலைவைத்துப் படுக்க நேரமில்லை. பக்கத்து வாழையிலைக் கடையில் மூன்றரை வெள்ளிக்கு மீன் கறியோடு சாப்பிட்டேன். மீன் கறியில் புளி தூக்கலாக இருந்தது, ஈப்போக்காரிக்கு அது சற்று அதிகம்தான். பிறகு எண்பது காசு கொடுத்து தஞ்சோங் கிளிங் போகும் டவுன் பஸ்ஸில் ஏறினேன். கிளேபாங் வரும்போது இடப்பக்கம் கடல் தெரிந்தது. சாலையோரம் வரிசையாக இளநீரும் மீன் சுட்டதும் விற்கும் ஒட்டுக்கடைகள். பஸ் டிரைவர் நடுவழியில் நிறுத்தி, இறங்கிப் போய் ஒரு பொட்டலம் வாங்கிக்கொண்டு நிதானமாகத் திரும்பி வந்தார். ஒருவரும் முணுமுணுக்கவில்லை.

பிற்பகல் இரண்டு மணி. தஞ்சோங் கிளிங்கில் தனபால் எனக்காகக் காத்திருந்தார். சரோஜாவுக்குச் சித்தி மகன், நாற்பத்து மூன்று வயது, அங்கேயே குடியிருந்து மின்னணுத் தொழிற்சாலை ஒன்றுக்கு பஸ் ஓட்டுகிறார். ஆயர் கெமுனிங் குழுவின் பயிற்சியாளரும் அவர்தான். ஸ்டியரிங் பிடிக்கும்போதும் கழுத்தில் விசில் தொங்கியது. பஸ்ஸுக்குள் ஆட்டக்காரர்கள் பதினோரு பேர் தொழிற்சாலைச் சீருடையோடு வாயைப் பிளந்து தூங்கிக்கொண்டிருந்தார்கள். காலை ஷிப்ட் முடித்து வந்தவர்கள். தோட்டத்தில் குடியிருந்தாலும் தோட்ட வேலைக்குப் போகிறவர்கள் குழுவில் ஐந்தே பேர்தானாம்.

என்னை முன் சீட்டில் உட்காரவைத்து, சுங்கை ஊடாங் போகும் சாலையில் வண்டியை விட்டபடியே தனபால் எனக்குப் பாடம் நடத்தினார். மொத்தம் எட்டுத் தோட்டங்கள். முதலில் எல்லோரும் எல்லோரோடும் ஆடுவார்கள். அதில் முதல் நான்கு இடத்துக்கு வருபவர்கள் அரையிறுதி ஆடுவார்கள். அங்கிருந்து தோற்றால் வீடு.

"மொத சுத்துல நாங்க ராஜா, டீச்சர். அதுக்கப்பறம்தான் கிரகம் புடிக்கும்" என்றார்.

கிரகம் பிடித்த கதைகளை ஒவ்வொன்றாகச் சொன்னார். எழுபத்தொன்றில் லாரி வழியில் நின்றுபோய், ஏழே பேர் போய்ச் சேர்ந்து நான்கு கோல் வாங்கினார்கள். எழுபத்து நான்கில் ஆட்டம் சமமாக முடிந்தது. பெனால்டி அடிக்கவேண்டிய இடத்தில் மழைத் தண்ணீர் முட்டளவு நின்றதால் காசு சுண்டிப் பார்த்தார்கள், பூ கேட்டார்கள், தலை விழுந்தது. எண்பத்து நான்கில் கோல் கீப்பர் அன்று காலை ரப்பர் மரத்தில் பால் வெட்டும்போது உள்ளங்கையைக் கிழித்துக்கொண்டார். துணி சுற்றிக்கொண்டு நின்றும் பெனால்டியில் ஐந்துக்கு நான்கு என்று போயிற்று. நான் நோட்டுப் புத்தகத்தில் குறித்துக்கொண்டே வந்தேன்.

கடைசியில் கூட்டுத்தொகை கேட்டேன். ஒன்பது இறுதியாட்டம், எட்டுத் தோல்வி, ஒரு வெற்றி என்றார். அந்த ஒரு வெற்றி எப்போது? எழுபத்தெட்டு. மூன்றுக்கு இரண்டு. மூன்றாவது கோல் அவரே போட்டது. அதோடு பேச்சு நின்றது. சுங்கை ஊடாங் தாண்டும் வரை அவர் வாயைத் திறக்கவில்லை. ஒரே ஒரு முறை ஜெயித்தவர் அதைப் பற்றித்தானே அதிகம் பேசவேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

மஸ்ஜித் தானாவுக்குச் சற்று முன்னால் வண்டி வலப்புறம் திரும்பி, எண்ணெய் எடுக்கும் செம்பனைக்கு நடுவே செம்மண் சாலையில் மூன்று கிலோமீட்டர் போயிற்று. தஞ்சோங் கிளிங்கிலிருந்து மொத்தம் இருபத்தாறு கிலோமீட்டர் என்று மீட்டரைக் காட்டினார். கோயில் முச்சந்தியில் பஸ் நின்றது. நான் தங்கப்போவது அவருடைய அக்கா பாக்கியத்தின் வீட்டில். மூன்றாவது லயத்து வரிசையில் கடைசி வீடு என்று கை காட்டினார். நீங்கள் வரவில்லையா என்று கேட்டேன். திடலில் வேலை இருக்கிறது என்றார். கூப்பிட்டால் கேட்கும் தூரத்தில் அக்கா வீடு இருந்தது. அவர் கண் அந்தப் பக்கம் போகவேயில்லை.

மாலை நான்கு மணி. பாக்கியம் அக்காவுக்கு ஐம்பத்து நான்கு வயது. உயரமானவர், ஒரு முட்டியில் வலி, அதனால் கொஞ்சம் சாய்ந்து நடப்பார். தோட்டத்து ஆயாக் கொட்டகையில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை. கணவர் முனியாண்டி செம்பனைக் குலை வெட்டுகிறார், பேசுவதற்குக் காசு கேட்பார்கள் என்பதுபோல் இருப்பவர். அக்கா எனக்குத் தேத்தண்ணியும் வறுத்த மரவள்ளியும் கொடுத்தார். சரோஜாவின் உடம்பைப் பற்றி, என் சம்பளத்தைப் பற்றி, நான் ஏன் கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை என்பதைப் பற்றியெல்லாம் விசாரித்தார். பந்தைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை இல்லை.

ஐந்து மணிக்குப் பெரிய சட்டிகளை எடுக்க அவர் கிளப்புக்குக் கிளம்பியபோது நானும் கூடப் போனேன். கிளப் என்பது தகரக் கூரை போட்ட ஒரு நீள அறை. சுவரில் பச்சை வண்ணப் பலகை ஒன்று, அதில் நான்கு பத்திகள்: ஆண்டு, எதிர்த்தவர், கோல், ஆடு. முதல் மூன்றும் புரிந்தன. நான்காவதில் ஒன்பது வரியிலும் 'நம்ம ஆடு' என்று எழுதியிருந்தது. எழுபத்தெட்டாம் வரியில் மட்டும் அந்த இடம் சுரண்டப்பட்டு, அதன் மேலேயே மறுபடி எழுதப்பட்டிருந்தது.

அந்த ஆட்டுப் பத்தியை எனக்கு விளக்கியது சட்டி தூக்க வந்த பெண்கள். இந்தக் கிண்ணத்தில் ஒரு வழக்கம் உண்டு. இறுதியாட்டத்துக்கு இரண்டு தோட்டமும் ஆளுக்கொரு ஆடு கொண்டுவந்து திடலோரம் கட்டவேண்டும். தோற்றவர்களின் ஆடு சட்டிக்குப் போகும், ஜெயித்தவர்களின் ஆடு வீட்டுக்குப் போகும். தோற்ற தோட்டம் சமைத்து, ஜெயித்த தோட்டத்தை உட்காரவைத்துப் பரிமாறவேண்டும். விரோதம் திடலோடு முடியட்டும் என்று வேலையாட்களுக்கு மேற்பார்வையாக இருந்த யாரோ ஒரு தண்டல் ஆரம்பித்துவைத்தது. மற்ற ஆட்டங்களெல்லாம் ஐந்து மணிக்கு. இறுதியாட்டம் மட்டும் கொளுத்தும் வெயிலில் மூன்று மணிக்கு, பொழுது சாயும் முன் சமைத்து முடிக்கவேண்டுமே என்பதற்காக.

இன்னொன்றும் சொன்னார்கள். தோற்ற குழுவின் பயிற்சியாளர்தான் சோற்று வாளி தூக்கவேண்டும். எல்லோரும் எழுந்த பிறகு அவர் கடைசியாக உட்காருவார், சமையலுக்குப் பொறுப்பான பெண் தன் கையால் அவருக்கு இலை போடவேண்டும். அவர் சாப்பிட்டு எழுந்தால்தான் அந்த வருடப் போட்டி முடிந்ததாகக் கணக்கு. இத்தனை வருடம் பொறுப்பிலிருந்த ராஜம்மா, மகளோடு ஜொகூருக்குப் போய்விட்டதால் இந்த முறை பாக்கியம் அக்காவைப் பிடித்து ஒத்துக்கொள்ளவைத்திருக்கிறார்கள். பதினேழு வருடம் கழித்து.

ஏன் பதினேழு வருடம் என்று கேட்டேன். பதில் சட்டி தேய்த்துக்கொண்டிருந்த பாக்கியம் அக்காவிடமிருந்தே வந்தது. தலையை நிமிர்த்தாமல், தேய்ப்பதை நிறுத்தாமல் சொன்னார்.

எழுபத்தெட்டில் அவருக்கு முப்பத்தேழு வயது. சமையல் பொறுப்பு. சுற்று வட்டாரத்தில் முந்நூறு பேர் திரண்டிருந்தார்கள். பாதி ஆட்டத்தில் ஆயர் கெமுனிங் இரண்டு கோல் பின்தங்கியிருந்தது. அதற்கு முன் ஆடிய நான்கு இறுதியாட்டமும் தோல்வி. மேற்கே மேகம் கறுத்து வந்தது, விறகு வெட்டவெளியில் கிடந்தது. நனைந்துவிட்டால் முந்நூறு பேரும் பட்டினி. எப்படியும் நம் ஆடுதானே என்று கணவரிடம் வெட்டச் சொல்லிவிட்டார். கறி கொதிக்க ஆரம்பித்தபோது திடலில் ஒரு கூச்சல். பிறகு இன்னொன்று. கடைசி நிமிடத்தில் மூன்றாவது. தம்பியைத் தோளில் தூக்கிக்கொண்டு ஊரே சமையல் கொட்டகைக்கு ஓடி வந்தது. வந்து பார்த்தால் சட்டியில் அவர்களுடைய ஆடு.

எதிர்த்து ஆடியவர்கள் புக்கிட் பெலியோ தோட்டத்தார். அவர்களுடைய மேனேஜர், வெந்தது வெந்ததுதான், சமைத்தவன் தோற்றவன், போடுங்கள் இலையை என்று சிரித்துக்கொண்டே உட்கார்ந்துவிட்டார். கிண்ணம் இவர்களிடம், பந்தி அவர்களுக்கு. ஜெயித்தவர்கள் பரிமாறினார்கள், தோற்றவர்கள் ஏப்பம் விட்டார்கள். ஜெயித்தும் தோற்ற தோட்டம் என்ற பெயர் மலாக்கா முழுக்கப் பரவிவிட்டது. பத்து வருடம் சந்தையில், கல்யாண வீட்டில், ஆஸ்பத்திரி வரிசையில் எங்கே போனாலும் இதே கிண்டல். இறுதி விசில் ஊதும் முன் கத்தி எடுக்கக்கூடாது என்று அதற்குப் பிறகு சட்டமே போட்டார்கள்.

"அன்னைக்கு தம்பி எங்கிட்ட ஒன்னே ஒன்னுதான் கேட்டான். நான் தோக்கணும்னு நெனைச்சிட்டியாக்கான்னு. மழைக்குப் பயந்துதான்டான்னேன். நம்பல. அதோட போனவன்தான்."

சின்ன வயதில் தாய் போய்விட, அந்தத் தம்பியை இடுப்பில் வைத்து வளர்த்தவர் இவர். அன்றிலிருந்து அவன் அக்கா வீட்டில் கை நனைக்கவில்லை. தீபாவளிக்கு அக்கா அனுப்பும் பலகாரம் தஞ்சோங் கிளிங் போய் அப்படியே திரும்பி வரும். வழியில் பார்த்தால் முனியாண்டிக்கு மட்டும் தலையாட்டுவான்.

எனக்குத் தனபால் மேல் கோபம் வந்தது. ஒரு சட்டி கறிக்காகப் பதினேழு வருடமா? அதே சமயம் என் கணக்கும் கெட்டுப்போயிற்று. தம்பி கணக்கில் எட்டுத் தோல்வி, ஒரு வெற்றி. அக்காவைக் கேட்டால் ஒன்பதிலும் ஆடு நம்முடையதுதானே என்கிறார். நாளைக்குச் சந்தேகமில்லாமல் ஒரு வெற்றி கிடைத்துவிட்டால் எழுபத்தெட்டை எல்லோரும் மறந்துவிடுவார்கள், தம்பியும் இறங்கி வருவான் என்று எனக்குத் தோன்றியது. அன்று சாயங்காலமே கோயிலில் ஒரு தேங்காய் உடைத்தேன். தேங்காய் ஒரு வெள்ளி. சாமியிடம் பந்து விஷயமாக நான் வாய் திறந்தது அதுவே முதல் தடவை.

ஞாயிறு. நண்பகலுக்கே புக்கிட் பெலியோ இரண்டு லாரியில் வந்து இறங்கியது. அவர்கள் ஆட்டுக்கு மஞ்சள் ரிப்பன், நம் ஆட்டுக்குப் பச்சை. (ஒரே நாளில் 'நம்' என்று எழுதும் அளவுக்கு ஆகிவிட்டேன்.) அந்தப் பழைய மேனேஜர் இப்போது கைத்தடியோடு வந்தார். கொட்டகைக்கு நேராக வந்து, "என்னா பாக்கியம், இன்னுமா அடுப்பு மூட்டல?" என்றார். பல்லில்லாத வாயால் சிரித்தார். அக்காவும் சிரித்தார், ஆனால் கைகள் முந்தானையைச் சுருட்டிக்கொண்டிருந்தன. பக்கத்தில் வெங்காய மூட்டை தைத்த தையல் பிரிக்காமல் கிடந்தது. மிளகாய் அரைக்கவில்லை, அரிசி களையவில்லை. சமையலுக்கு வந்த பெண்களில் ஒருத்தி, வெங்காயம் உரித்தால் என்ன குற்றம், எப்படியானாலும் வீட்டுக்கு ஆகுமே என்று முனகினாள். விசில் ஊதும் வரை ஒரு பூண்டுப் பல்லைக்கூடத் தொடக்கூடாது என்று அக்கா சொல்லிவிட்டார்.

மூன்று மணிக்கு ஆட்டம் தொடங்கியது. நாங்கள் கொட்டகை நிழலில் பெஞ்சு போட்டு உட்கார்ந்தோம். எழுபத்தெட்டுக்குப் பிறகு அக்கா திடல் பக்கம் வந்ததே இன்றுதான் என்று பக்கத்திலிருந்தவள் என் காதில் சொன்னாள். நம் பிள்ளைகள் நேற்று பஸ்ஸில் வாயைப் பிளந்து தூங்கியவர்கள் போலவே இல்லை. வெயிலில் அப்படி ஓடினார்கள். ஒருவன் விழுந்து முழங்கை உரிந்து, மண்ணைத் தட்டிவிட்டு மறுபடி ஓடினான். தனபால் கோட்டோரமாக முன்னும் பின்னும் நடந்துகொண்டே இருந்தார். உட்காரவேயில்லை. பாதி ஆட்டம் முடிந்தபோது கோல் இல்லை. எல்லோரும் கொட்டகைப் பக்கம் திரும்பிப் பார்க்காமல் இருக்கச் சிரமப்படுவது தெரிந்தது.

இரண்டாம் பாதியில் கால் மணி போனபின் புக்கிட் பெலியோ ஒரு கோல் போட்டது. அழகான கோல் என்று பக்கத்தில் சொன்னார்கள், எனக்கு வயிறு எரிந்தது. அந்த நேரம் பார்த்து மேற்கே மேகம் ஏறியது. பெண்கள் எல்லோரும் ஒரே சமயத்தில் அக்காவைப் பார்த்தார்கள். அவர் எழுந்து, விறகை மட்டும் இழுத்துக் கொட்டகைக்குள் போடச் சொன்னார். முனியாண்டி ஆட்டின் பக்கத்திலேயே நின்றார், கையில் ஒன்றுமில்லை என்று எல்லோருக்கும் தெரியும்படி இரண்டு கையையும் முன்னால் கோத்துக்கொண்டு.

கடைசி நிமிடத்தில் நமக்கு ஒரு கார்னர் கிடைத்தது. கோல் கீப்பர்கூட எதிர்ப்பக்கம் ஓடினான். திடல் முழுக்கச் சத்தம் அடங்கியது. அக்கா கண்ணை மூடிக்கொண்டார், உதடுகள் அசைந்தன. நானும் என் பங்குக்கு முதல் நாள் உடைத்த தேங்காயைச் சாமிக்கு நினைவூட்டினேன். பந்து உயர வந்தது, ஒருவன் எல்லோருக்கும் மேலே எழும்பித் தலையால் முட்டினான். கம்பத்தில் பட்டு வெளியே போயிற்று. விசில் ஊதிவிட்டார்கள்.

பூஜ்யத்துக்கு ஒன்று. முட்டியவன் அங்கேயே குப்புற விழுந்து கிடந்தான். தனபால் போய் அவனைத் தூக்கி நிறுத்தி, முகத்தைத் தன் சட்டையால் துடைத்துவிட்டார். எனக்குத் தொண்டை கட்டிவிட்டது. எப்போது அவ்வளவு கத்தினேன் என்று தெரியவில்லை.

நான்கு மணி ஐம்பது நிமிடம். முனியாண்டி பச்சை ரிப்பனை அவிழ்த்து மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு ஆட்டைக் கொட்டகைக்குப் பின்னால் கூட்டிப்போனார். அக்கா வெங்காய மூட்டையைக் கிழித்தார். ஒன்றுமே தயாராக இல்லாத சமையல். ஜெயித்த தோட்டத்துப் பெண்களே பொறுக்கமாட்டாமல் வந்து உட்கார்ந்து உரிக்க ஆரம்பித்தார்கள். நானும் உரித்தேன். மழை நான்கு தூறல் போட்டு விட்டுப்போயிற்று. அக்கா மூன்று அடுப்புக்கும் நடுவே ஓடினார், முட்டி வலியெல்லாம் எங்கே போனதோ.

ஏழு மணிக்குப் பந்தி. தனபால் வாளி தூக்கி, வரிசை வரிசையாகச் சோறு போட்டார். கைத்தடி மேனேஜர் இலைக்கு வந்தபோது, அவர் எதையோ சொல்லிச் சிரிக்க, தனபாலும் சிரித்துவிட்டு இன்னொரு கரண்டி போட்டார். எட்டரைக்கு லாரிகள் கிளம்பின, மஞ்சள் ரிப்பன் ஆடு முதல் லாரியில் நின்றுகொண்டு போயிற்று.

கொட்டகையில் ஏழெட்டுப் பேர் மிஞ்சினோம். தனபால் கை கால் கழுவி வந்து பலகையில் உட்கார்ந்தார். அக்கா இலை போட்டார், தண்ணீர் தெளித்தார், சோறு வைத்தார். தேடி எடுத்து ஈரல் துண்டு வைத்தார், எப்போது ஒதுக்கி வைத்தாரோ. பிறகு அடுப்போரம் போய் நின்றுகொண்டார். நாங்கள் எல்லோரும் வேறு எதையோ பார்ப்பதுபோல் பாவனை செய்தோம். தனபால் குனிந்த தலை நிமிராமல் சாப்பிட்டார். பாதிச் சோற்றில் கை நின்றது.

"உப்பு கொஞ்சம் கம்மிக்கா" என்றார்.

"அவசரத்துல வெச்சதுடா" என்றார் அக்கா.

உப்பு எடுத்துப் போய் இலையோரம் வைத்தார். தனபால் மறுசோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். இலையை மடித்து எழுந்தபோது, முட்டி வலிக்கு யாரிடம் காட்டுகிறாய் என்று கேட்டார். தஞ்சோங் கிளிங்கில் ஒரு நல்ல கிளினிக் இருக்கிறது, பஸ்ஸில் வந்து அழைத்துப்போகிறேன் என்றார். இதெல்லாம் எங்கள் முன்னாலேயே, நேற்றும் முந்தாநாளும் பேசியவர்கள் மாதிரி. முனியாண்டி வெளியே போய் நின்று மூக்கைச் சிந்தினார்.

திங்கட்கிழமை காலை. ஏழு மணிக்கெல்லாம் பலகையில் பத்தாம் வரி எழுதியாகிவிட்டது: தொண்ணூற்றைந்து, புக்கிட் பெலியோ, பூஜ்யம் ஒன்று, நம்ம ஆடு. நான் நோட்டுப் புத்தகத்தில் பத்து இறுதியாட்டம் என்று எழுதிக் கூட்டுத்தொகைக்கு இடம் விட்டேன். எட்டேகால் பஸ்ஸைப் பிடிக்கப் பெரிய சாலைக்கு நடக்கவேண்டும். நான் வேண்டாம் வேண்டாம் என்றாலும் கேட்காமல் பாக்கியம் அக்கா என் பையைத் தூக்கிக்கொண்டு கூடவே வந்தார்.

செம்பனைக்கு நடுவே நடந்தபோது எங்கள் ஈப்போவை நினைத்துக்கொண்டேன். எங்கள் பக்கத்திலும் கிண்ணப் போட்டிகள் உண்டு. தோற்றவர்கள் தங்கள் வண்டியில் ஏறி முகத்தைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள், அடுத்த வருடம் வரை யாரும் யாரோடும் பேச வேண்டியதில்லை. தோற்றவன் ஜெயித்தவனுக்குச் சோறு போட்டுத்தான் ஆகவேண்டும் என்ற வழக்கம் அங்கே இருந்தால் என் தெருவில் எத்தனையோ சண்டைகள் தீர்ந்திருக்கும். அதை அக்காவிடம் சொன்னேன். கிண்ணம் போனால் போகிறது, ஜெயித்திருந்தால் எல்லாவற்றுக்கும் இன்னும் நன்றாக இருந்திருக்கும், என்றாலும் தம்பி பேசிவிட்டாரே என்று ஆறுதல் சொன்னேன்.

அக்கா பையை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார். ஜெயித்திருந்தால் அவன் புக்கிட் பெலியோக்காரர்கள் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு நேராகத் தஞ்சோங் கிளிங் போயிருப்பான் என்றார். பஸ் நிறுத்தத்தில் என் பக்கம் திரும்பாமல், சாலையைப் பார்த்தபடியே சொன்னார்.

"எழுவத்தெட்டுல நான் அப்படி நெனைக்கல டீச்சர். சாமி சத்தியமா நெனைக்கல. மழைக்குத்தான் பயந்தேன். பதினேழு வருசம் யாருமே நம்பல. நேத்து அந்த கார்னர் வந்துச்சில்ல, ஊரே கும்புட்டுக்கிட்டு நின்னுச்சே. நானும் கும்புட்டேன். உள்ள போயிடக்கூடாதுன்னு கும்புட்டேன்."

அவருடைய உதடுகள் அசைந்ததை அருகிலிருந்து பார்த்தவள் நான். இரண்டு பேரும் ஒரே சாமியைத்தான் கும்பிட்டிருக்கிறோம்.

தூரத்தில் பஸ் தெரிந்தது. இதையெல்லாம் எழுதுவீர்களா என்று கேட்டார். எழுதினால் பெயரை மாற்றிவிடுவேன் என்றேன். பையை என் கையில் கொடுத்தார்.

"தோட்டத்துப் பேரயும் மாத்திடுங்க டீச்சர். அந்தப் புள்ளைங்க பாவம், உசுரக் கொடுத்து ஆடுனாங்க."

மாற்றியிருக்கிறேன்.